கன் கேம்ல ஜெயிக்கணுமா, சாவ எண்ணாதீங்க, செகண்ட எண்ணுங்க

துப்பாக்கி சண்ட வீடியோ கேம்கள்ல கன் கேம்னு ஒரு மோடு இருக்கு, ஆடுறவங்கள்ல முக்காவாசி பேரு அத சாதா டெத்மேட்ச் (யாரு அதிகமா கில் போடுறாங்களோ அவங்க வின்) மாதிரியே ஆடுறாங்க. அதனாலதான் சூப்பரா எய்ம் இருக்குற பசங்க கூட மூணாவது நாலாவது எடத்துல மாட்டிக்கிறாங்க. தண்டையார்பேட்டைல எங்க வீட்டாண்ட ஒரு கேமிங் சென்டர் இருக்கு, ஞாயித்துக்கெழம மத்தியானம் பிரியாணி சாப்ட்ட கையோட பசங்க எல்லாம் அங்க வந்துருவாங்க, எல்லா சிஸ்டத்துலயும் கன் கேம்தான் ஓடும், முடிஞ்சதும் யாராவது ஒருத்தன் கண்டிப்பா இத கேப்பான்: "ண்ணா, நான் அவன விட கம்மியாதான் செத்தேன், அப்றம் எப்டிண்ணா அவன் ஜெயிச்சான்?" அந்த கேள்விக்குள்ளயே பதில் இருக்கு. கம்மியா சாகணும்னு பாத்து பாத்து ஆடுனதாலதான் தோத்தான். இத வெளக்கமா எழுதணும்னு ரொம்ப நாளா நெனச்சுட்டு இருந்தேன்.

தெரியாதவங்களுக்கு சுருக்கமா சொல்லிடுறேன். எல்லாரும் ஒரே துப்பாக்கில ஆரம்பிப்போம், கில் போட்டா அடுத்த துப்பாக்கி கைக்கு வந்துரும், லிஸ்ட்ல கடைசி ஆயுதத்துல யாரு மொதல்ல கில் போடுறாங்களோ அவங்க வின். பெரும்பாலும் கடைசில கத்திதான். ஆரம்பத்துல இது கம்பெனி போட்ட மோடே கெடையாது, கவுண்டர் ஸ்ட்ரைக் சர்வர்கள்ல ரசிகர்கள் எழுதி ஓட்டுன மாட், அதோட பழைய 1.6 வெர்ஷன் காலத்து ஆளுங்ககிட்ட கன் கேம் சர்வர்னு சொன்னாலே மூஞ்சி மலந்துரும். அப்றம் 2010ல கால் ஆஃப் டியூட்டி பிளாக் ஆப்ஸ்ல, வேஜர் மேட்ச்னு பந்தயம் கட்டி ஆடுற மோடுகள்ல ஒண்ணா வந்துச்சு, அதுல 20 ஆயுதம். 2012ல பேட்டில்ஃபீல்ட் 3க்கு கன் மாஸ்டர், அதே வருஷம் சிஎஸ் கோல (கவுண்டர் ஸ்ட்ரைக்தான் சிஎஸ், அதோட அடுத்த வெர்ஷன்) ஆர்ம்ஸ் ரேஸ். 2021ல வேலரன்ட்ல எஸ்கலேஷன். 2023 செப்டம்பர்ல சிஎஸ் 2 வந்தப்போ ஆர்ம்ஸ் ரேஸ் இல்லாமயே வந்துச்சு, எங்களுக்கெல்லாம் செம கடுப்பு, 2024 பிப்ரவரில பேக்கேஜ், ஷூட்ஸ்னு ரெண்டு மேப்போட திரும்ப விட்டப்பதான் மனசு ஆறுச்சு. மொபைல் பசங்களுக்கு கால் ஆஃப் டியூட்டி மொபைல்ல கன் கேம் இருக்கு. பேரு வேற வேற, ரூல்ஸ் அங்கங்க மாறும், ஆனா ஜெயிக்கிற சூட்சுமம் ஒண்ணுதான்.

இந்த மோடுல சாவுக்கு அபராதம் கெடையாது, அதான் அந்த சூட்சுமம். எவனாவது சுட்டு நீங்க செத்தா லெவல் அப்டியே இருக்கும், கொஞ்ச நேரத்துல மறுபடி உயிரோட மேப்புல எறங்கிடுவீங்க. அபராதம் விழுறது ரெண்டு எடத்துலதான், ஒருத்தன் உங்கள கத்தில குத்துனா, இல்ல பிளாக் ஆப்ஸ் மாதிரி கேம்ல நீங்களே உங்க ராக்கெட்டுல செத்தா, ஒரு லெவல் பின்னாடி போவீங்க. மத்தபடி சாவு ஃப்ரீ. ஃப்ரீயா கெடைக்காதது டைம் மட்டும்தான். கணக்கு போட்டு பாருங்க, 20 ஆயுதம், ஒண்ணுக்கு சராசரியா 30 செகண்டு எடுத்தா 600 செகண்டு, அதாவது 10 நிமிஷம். அதயே 20 செகண்டுக்கு கொண்டு வந்தா 400 செகண்டு, ஏழு நிமிஷம் கூட ஆகல. ஒரு கில்லுக்கு 10 செகண்டு மிச்சம் புடிச்சா மொத்தத்துல மூணு நிமிஷத்துக்கு மேல லாபம், இந்த மோடுல மூணு நிமிஷம்னா எதிராளி இன்னும் ரைபிள்ல இருக்கும்போது நீங்க கத்திய கைல வெச்சிருப்பீங்க.

போன வாரம் சென்டர்ல கண்ணு முன்னாடி நடந்தத சொல்றேன். ரெண்டு பேரு ஸ்னைப்பர் லெவல்ல சமமா நிக்கிறாங்க. ஒருத்தன் பேக்கேஜ் மேப்புல மேல ஒரு மூலைல போய் ஸ்கோப்ப போட்டு அப்டியே ஒக்காந்துட்டான், சாகவே இல்ல, ஆனா அந்த பக்கம் யாரும் வரவும் இல்ல, அவன் மவுஸ் அசையாம நிக்குது, மூச்சு கூட விடாம ஸ்கிரீன பாக்குறான். பக்கத்து சிஸ்டத்துல பதினொண்ணாவது படிக்கிற தம்பி, எறங்குறான், நேரா சண்ட நடக்குற எடத்துக்கு ஓடுறான், சுடுறான், மிஸ், சாவுறான், மறுபடி எறங்குறான், மறுபடி ஓடுறான், மூணாவது வாட்டி எறங்குனப்போ கன்வேயர் பெல்ட் மேல ஒருத்தன் முதுக காட்டிட்டு நிக்கிறான், டமால், முடிஞ்சுது. மேல ஒக்காந்திருந்தவன் அப்பவும் அதே ஸ்கோப்புலதான் இருக்கான். தம்பி அதுக்கப்புறம் ரெண்டு லெவல் தாண்டிட்டான். சாகுறதுக்கு பயப்படாதவனுக்கு எதிரிய பாக்குற சான்ஸ் அதிகமா கெடைக்குது, அவ்ளோதான் கணக்கு.

இதே கணக்கு ஹெல்த்துக்கும் பொருந்தும். அடி வாங்கிட்டோம்னு செவுத்துக்கு பின்னாடி போய் ஹெல்த் ஏற்றதுக்கு காத்துட்டு இருக்குறது வேற மோடுல சரி, இங்க வேஸ்ட். பாதி ஹெல்த்தோட அடுத்த சண்டைக்கு போங்க, ஜெயிச்சா லெவல், தோத்தா ஃபுல் ஹெல்த், ரெண்டுல எது நடந்தாலும் நஷ்டம் இல்ல. ஒரே ஒரு விஷயம் மட்டும் பாத்துக்கோங்க, எதிராளி கத்திய கைல வெச்சுட்டு கிட்ட வந்தா அப்ப மட்டும் உயிர் பெருசு, அங்க செத்தா லெவல் போகும்.

அடுத்தது ரீலோடு, அதாவது தோட்டா மறுபடி ரொப்புறது. இத சொன்னா யாருமே நம்ப மாட்டேங்கிறாங்க, ஆனா கவனிச்சு பாருங்க, நமக்கெல்லாம் ஒரு கில் போட்ட ஒடனே வெரல் தானா ரீலோடு பட்டனுக்கு போயிரும், வருஷக்கணக்குல ஊறிப்போன பழக்கம். கன் கேம்ல லெவல் ஏறுனா புது துப்பாக்கி ஃபுல் மேகசினோட கைக்கு வருது, ரீலோடு பண்ண ஒண்ணுமே இல்ல. அந்த நேரத்துல துப்பாக்கிய உருவுற அனிமேஷன் ஓடும், அப்போ சும்மா நிக்காம பக்கத்து மறைவுக்கு நகருங்க, அனிமேஷன் முடியும்போது அடுத்த கார்னர்ல இருக்கணும். ரெண்டு கில் போட்டாதான் ஒரு லெவல்னு இருக்குற ஆர்ம்ஸ் ரேஸ்ல மொத கில்லுக்கு அப்றம் மட்டும் தோட்டாவ பாத்துக்கோங்க. அதுலயும் பாதி மேகசின் இருந்தா போயிட்டே இருங்க.

மேப்புல எங்க ஓடணும்ங்கறது எய்ம விட முக்கியம்னு நான் அடிச்சு சொல்வேன். நடு எடத்துக்கு எல்லாரும் ஓடுவாங்க, ஏன்னா சத்தம் அங்கதான் கேக்கும். நடுவுல நின்னா நாலு பக்கமும் எதிரி, நீங்க ஒருத்தன சுடும்போது முதுகுல ரெண்டு பேரு. ஓரமா ஒரு வட்டம் போட்டு ஓடுங்க, நடுவுல ரெண்டு பேரு சண்ட போட்டுட்டு இருப்பாங்க, ரெண்டு பேருக்குமே ஹெல்த் பாதிதான் இருக்கும், கடைசி தோட்டா யாரோடதோ அவங்களுக்குதான் கில், அத நீங்க எடுத்துக்கோங்க. இத சீட்டிங்னு சொல்ற பசங்க இருக்காங்க, இல்லவே இல்ல, தனித்தனியா ஆடுற கன் கேம்ல இதான் கேமே. அப்றம், இப்போ யாரையாவது சுட்டீங்கன்னா அவன் அங்கயே எறங்க மாட்டான், ஆளுங்க இல்லாத எடமா பாத்துதான் கேம் அவன எறக்கும். அப்போ உங்க பக்கம் கூட்டம் இருந்தா எதிர்ப்பக்கம் எறங்குவான். ரெண்டு மேட்ச் இத மட்டும் கவனிச்சு ஆடுங்க, எவன் எங்கேருந்து வருவான்னு தானா புடிபடும். மொபைல்ல ஷிப்மென்ட் மாதிரி சின்ன மேப்புல இது இன்னும் வேகமா நடக்கும், கண்டெய்னருக்கு நடுவுல சந்து சந்தா போற மேப்பு, எண்ணூர் எக்ஸ்பிரஸ் ரோட்டுல தெனம் கண்டெய்னர் லாரி பாத்து வளந்த நமக்கு அந்த மேப்பு மேல தனி பாசம் உண்டு.

துப்பாக்கி ஒவ்வொண்ணா பாடம் எடுக்கப் போறதில்ல. பிஸ்டல்ல பதறாம தலைக்கு சுடுங்க. ஷாட்கன் வந்தா தூரத்துல இருக்குறவன கண்டுக்காதீங்க, கார்னர் கார்னரா போங்க. எஸ்எம்ஜி (சின்ன மெஷின் கன்) வந்தா ஓடிட்டே இருங்க. ரைபிள் எல்லாருக்கும் தெரிஞ்சது. எல்எம்ஜி (பெரிய மெஷின் கன்) வந்தா பசங்க சலிச்சுக்குவாங்க, கனமா இருக்கு, மெதுவா நடக்குதுன்னு, ஆனா சிஎஸ்ல வர்ற எல்எம்ஜிங்கள்ல, நெகெவ்ல 150 தோட்டா, எம்249ல 100 தோட்டா இருக்கு, ஆள் வர்ற கதவ பாத்து ஆள் தெரியுறதுக்கு முன்னாடியே சுட ஆரம்பிச்சுருங்க, அவன் வந்து தோட்டால மோதிப்பான். இந்த துப்பாக்கிங்கள்ல நேரம் அதிகம் போகாது.

நேரம் போறது ஸ்னைப்பர்ல, வெடிக்கிற ஆயுதங்கள்ல, கத்தில. மேட்ச் ஜெயிக்கிறதும் தோக்குறதும் இந்த மூணு எடத்துலதான், அதனால பிராக்டிஸும் இங்கதான் பண்ணணும். எல்லாரும் பண்றது என்னன்னா நல்லா வர்ற ஏகே47லயே பிராக்டிஸ் பண்ணிட்டு இருப்பாங்க, ஏற்கனவே 15 செகண்டுல முடிக்கிற துப்பாக்கில இன்னும் ரெண்டு செகண்டு கொறைக்க ஒரு வாரம், 90 செகண்டு முழுங்குற துப்பாக்கிய தொடவே மாட்டாங்க.

ஸ்னைப்பர் வந்தா தூரமா ஓடிப்போய் எடம் புடிக்கணும்னு தோணும். வேணாம். நீங்க இருக்குற எடத்துக்கு கிட்ட இருக்குற நீளமான பாதை எதுவோ அதோட முனைல நில்லுங்க, ஸ்கோப்ப முன்னாடியே போட்டுட்டு தூங்காதீங்க, ஆள் வர்ற எடத்துல கிராஸ்ஹேர் (ஸ்கிரீன் நடுவுல இருக்குற குறி) வெச்சுட்டு ஆள் தெரிஞ்சதும் ஸ்கோப் போட்டு சுடுங்க. ஒரு எடத்துல அஞ்சாறு செகண்டு பாத்து யாரும் வரலயா, கெளம்புங்க. சிஎஸ்ல வர்ற ஏடபிள்யூபிங்கற ஸ்னைப்பர்ல ஒடம்புல பட்டாலே போதும், காலுல பட்டா மட்டும்தான் தப்பிப்பான், அதனால தலைய தேடாதீங்க, நெஞ்சுக்கு சுடுங்க. இன்னொரு விஷயம், சிஎஸ்ல கத்திய கைல வெச்சா ஓட்டம் 250 வேகம், ஏகேன்னா 215, ஏடபிள்யூபி கைல இருந்தா 200, ஸ்கோப் போட்டு நகந்தா 100தான். அதனால எடம் மாறும்போதெல்லாம் கத்திய எடுத்துட்டு ஓடுங்க, வேகமும் கெடைக்கும், போற வழில எவனாவது முதுக காட்டுனா அவன் லெவல் ஒண்ணு கொறஞ்சு உங்க லெவல் ஒண்ணு ஏறும்.

ராக்கெட், கிரனேடு லாஞ்சர் வந்தா ஆள பாத்து சுடாதீங்க. தரைய பாத்து சுடுங்க, அவன் காலுக்கு கீழ. ஆள பாத்து சுட்டா மிஸ் ஆனா அவ்ளோதான், எங்கயோ போய் வெடிக்கும், தரைல சுட்டா ஓரமா பட்டாலும் வெடிப்புல மாட்டுவான். ஒல்லியான காரிடார்ல ஓடுறவன் தப்பவே முடியாது. கிட்ட வந்துட்டான்னா மட்டும் சுடாதீங்க, ரெண்டு பேரும் போவீங்க, லெவலும் போகும், பின்னாடி நகந்து தூரம் வாங்குங்க, இல்ல கத்திய எடுங்க. பழைய 1.6 மாட்ல கத்திக்கு முந்துன லெவல் கைக்குண்டு, அதுலதான் மேட்ச்சே நின்னு போகும், ஏன்னா ஃபுல் ஹெல்த்தும் ஆர்மரும் இருக்குறவன ஒரு நேடு கொல்லாது. அங்க ஒரே வழி, சண்ட நடக்குற எடத்துக்கு போய் அடிபட்டவன் மேல போடுறது. தனியா நிக்கிறவன் மேல போட்டா அவனுக்கு நீங்க இருக்குற எடம் தெரிஞ்சதுதான் மிச்சம்.

இப்போ கத்தி. நம்ம ஏரியால கேரம் ஆடாத வீடு கெடையாது, புதுவண்ணாரப்பேட்ட செரியன் நகர் பொண்ணு காசிமா 2024ல அமெரிக்கால நடந்த கேரம் உலகக்கோப்பைல மூணு தங்கம் வாங்கிட்டு வந்தாங்க, தெருவே திருவிழா மாதிரி இருந்துச்சு. கேரம் தெரிஞ்சவங்களுக்கு இது ஈஸியா புரியும்: உங்களுக்கு ஒரே ஒரு காயின்தான் பாக்கின்னதும் எதிராளி அவன் காயின போடுறத விட்டுட்டு உங்க காயின மறைக்க ஆரம்பிச்சுருவான். கத்தி லெவல் அப்டித்தான். நீங்க கடைசிக்கு வந்துட்டீங்கன்னு ஸ்கிரீன்ல எல்லாருக்கும் தெரியும், அதுவரைக்கும் சும்மா ஓடிட்டு இருந்தவன் எல்லாம் செவுத்துல முதுக ஒட்டிட்டு நிப்பான், உங்க காலடி சத்தத்துக்காகவே காத்திருப்பான். இவ்ளோ நேரம் சாவு ஃப்ரீன்னு ஓடுன ஓட்டம் இங்க மட்டும் மாறணும். சாவு இன்னும் ஃப்ரீதான், ஆனா சத்தம் ஃப்ரீ இல்ல.

எறங்குன எடத்துலேருந்து சண்டைக்கு பாதி தூரம் வரைக்கும் ஓடுங்க, அப்றம் ஷிஃப்ட்ட அழுத்தி நடங்க, சத்தம் கேக்காது. முன்னாடி வர்றவன தேடாதீங்க. வேற யாரையோ சுட்டுட்டு இருக்குறவன், ஸ்கோப் போட்டு நிக்கிறவன், ரீலோடு பண்றவன், இவங்கதான் உங்க ஆளு, அவங்க சுடுற சத்தத்துல உங்க சத்தம் மறைஞ்சுரும். சிஎஸ்ல ரைட் கிளிக் குத்து முதுகுல பட்டா ஒரே குத்துல முடிஞ்சுது, முன்னாடி பட்டா ரெண்டு வேணும். அந்த ரெண்டாவது குத்துக்கு கேப் ஜாஸ்தி, அதுக்குள்ள அவன் சுட்டுருவான். அதனால பதட்டத்துல பாதி தூரத்துலயே ரைட் கிளிக் அழுத்தாதீங்க, மூச்சு படுற தூரம் போற வரைக்கும் கைய கட்டி வைங்க. கதவுக்கு பக்கவாட்டுல, படிக்கு கீழ, கார்னர் திரும்புற எடத்துல நின்னா ஓடி வர்றவன் தானா உங்கள தாண்டி போவான், தாண்டுனதும் முதுகு உங்களுதுதான்.

எதிராளி கத்தி லெவலுக்கு வந்துட்டா என்ன பண்ணணும்ங்கறதும் ஜெயிக்கிறதுல ஒரு பாதி. அப்போ நீங்க ஸ்னைப்பர்ல இருந்தா ஸ்கோப்ப போடாதீங்க, கண்ணு முழுக்க ஸ்கோப்புல இருந்தா முதுகு அவனுக்கு பரிசு. செவுத்த ஒட்டி நில்லுங்க, காத தீட்டுங்க. தைரியம் இருந்தா நீங்களும் கத்திய எடுங்க, கால் ஆஃப் டியூட்டில கடைசி லெவல்ல இருக்குறவன குத்துனா அவன் ஒரு ஆயுதம் பின்னாடி போவான், திரும்ப ஏறி வர்றதுக்குள்ள உங்களுக்கு டைம் கெடைக்கும். சிஎஸ் கோல இன்னும் நல்ல ரூல் இருந்துச்சு, எதிர் டீம் லீடர கொன்னாலே நேரா ஒரு லெவல் ஏறிடலாம், ரெண்டாவது கில்லுக்கு காத்திருக்க வேண்டியதில்ல. அதனால லீடர் எங்க இருக்கான்னு எப்பவும் ஒரு கண்ணு இருக்கட்டும்.

காத தீட்டுங்கன்னு சொன்னேன், அதுக்கு ஹெட்போன் கண்டிப்பா வேணும். நம்ம பக்கம் வெளில டிரம்ஸ், மைக் செட்டு, லாரி ஹாரன், மேல ஃபேன் சத்தம், ஸ்பீக்கர்ல வெச்சு ஆடுனா காலடி சத்தம் கேக்கவே கேக்காது. வெல ஜாஸ்தி போட வேணாம், இடது வலது தெளிவா பிரிச்சு குடுக்குற வயர் வெச்ச இயர்போன் பர்மா பஜார்லயே கெடைக்கும், ப்ளூடூத்ல சத்தம் கொஞ்சம் லேட்டா வரும், இந்த மோடுக்கு ஆகாது. பிங் (சர்வருக்கு சிக்னல் போய் வர்ற நேரம்) பத்தி நம்ம ஊர்ல பெரிய கவல இல்ல, சிஎஸ்ல சென்னை சர்வரே இருக்கு, வேலரன்டுக்கு மும்பை. மொபைல் பசங்களுக்கு பெரிய எதிரி வேர்வ, மே மாசத்துல டச் வழுக்கும், வெரலுக்கு கொஞ்சம் பவுடர் போட்டுட்டு ஆடுங்க, வித்தியாசம் மொத மேட்ச்லயே தெரியும்.

கடைசியா எஸ்கலேஷன். வேலரன்ட் ஆடுறவங்க இதுவரைக்கும் சொன்னத அப்டியே அங்க எடுத்துட்டு போனா தோத்துருவீங்க, ஏன்னா அது அஞ்சு பேருக்கு அஞ்சு பேரு, லெவல் ஒருத்தனுக்கு இல்ல, டீமுக்கு. மொத்தம் 12 லெவல், 10 நிமிஷம் டைம், டீம் மொத்தமா தேவையான கில் போட்டாலும் ஒவ்வொருத்தனும் அந்த ஆயுதத்துல ஒரு கில்லாவது போட்டிருக்கணும். அதனால உங்க கில்ல முடிச்சிட்டீங்கன்னா கில் திருடாதீங்க. எவன் மாட்டிக்கிட்டு இருக்கானோ அவனோட போங்க, எதிரிய அடிச்சு ஹெல்த்த கொறச்சுட்டு கடைசி தோட்டாவ அவனுக்கு விட்டுருங்க, மைக்ல எடத்த சொல்லுங்க. ரேஸ்ங்கற கேரக்டரோட ராக்கெட் லெவல்லயும் பனிப்பந்து லாஞ்சர்லயும்தான் யாராவது ஒருத்தன் நின்னு போவான், அவன திட்டுனா இன்னும் பதறுவான், "மெதுவா அடி மச்சி, நான் முன்னாடி போறேன், என்ன சுடுவான், நீ அவன சுடு"ன்னு சொல்லிட்டு முன்னாடி ஓடுங்க. அங்கயும் சாவு ஃப்ரீதான், உங்க சாவ டீமுக்காக செலவு பண்ணுங்க.